எல்லாமே ‘பதிவு’ அல்ல

அலுவலகம், நூலகம், ஆவணக் காப்பகம் ஆகியவற்றுக்கான பொதுச் சொற்பட்டியல் வரைவு குறித்து எங்கள் அமைப்பு முன்பே எழுதிக் கொடுத்ததையெல்லாம் இங்கே திரும்பச் சொல்லப் போவதில்லை. உறுப்பினர்களுக்கு அந்தக் கதை தெரியும். எத்தனை கடிதம் போயிற்று, எதற்குப் பதில் வந்தது, எதற்கு வரவில்லை என்பதும் தெரியும். திருத்திய வரைவு என்று இப்போது கைக்கு வந்திருப்பதில் எழுத்துப்பிழைகள் குறைந்திருக்கின்றன. அடிப்படைக் கோளாறு அப்படியே இருக்கிறது. வாக்குமூலம், சொல்வதெழுதுதல், ஒலிப்பதிவு, நூல் சேர்க்கை, கோப்பு முடிவு என வேறுவேறு வேலைகளுக்கு வேறுவேறு சொற்கள் புழங்கிக்கொண்டிருக்க, அவ்வளவையும் ‘பதிவு’ என்ற ஒரே தலைச்சொல்லின் கீழ்க் கொண்டுவந்து, மற்றவற்றை ‘வழக்கிழந்தவை’ என்று வரைவு குறிக்கிறது. இதை இந்த வடிவில் ஏற்க இயலாது என்பது செயற்குழுவின் முடிவு. ‘இந்த வடிவில்’ என்பது நெடுநேர விவாதத்துக்குப் பிறகு சேர்த்தது. எந்த வடிவிலும் கூடாது என்று நினைக்கும் உறுப்பினர்களும் எங்களிடம் உண்டு. அதை மறைக்க வேண்டியதில்லை.

‘பதிவு’ மேல் எங்களுக்குப் பகை கிடையாது. நல்ல சொல், அழுந்தி நிற்பது என்ற பொருள் அதில் கேட்கிறது. ஆனால் அதன் முதுகில் இன்று ஏறியிருக்கும் சுமையைப் பார்க்க வேண்டும். பத்திரத்தைச் சார்பதிவாளரிடம் கொண்டுபோனால் பதிவு. முடிந்த கோப்புகளை அடுக்கிய அறை பதிவறை. ரயிலில் இடம் பிடித்தால் முன்பதிவு. வாக்குச்சாவடியில் விழுந்த ஓட்டின் விழுக்காடும் பதிவு, மழைமானி காட்டிய மில்லிமீட்டரும் பதிவு, முகநூலில் இரவு பன்னிரண்டு மணிக்கு எழுதித் தள்ளுவதும் பதிவு. பேச்சில் இதனால் இடையூறு இல்லை, எதைச் சொல்கிறோம் என்பதைச் சூழல் காட்டிவிடும். பட்டியலில் சூழல் கிடையாது. அங்கே சொல் தனியாக நிற்கிறது. அதைத் தேடி வருபவர் ஐம்பது ஆண்டு கழித்தும் வரலாம். அன்றைக்கு அவருக்கு எடுத்துச் சொல்ல இன்றைய பதிவறை எழுத்தர் இருக்கமாட்டார்.

எங்களை மிகவும் உறுத்துவது, ஒருவர் சொல்ல இன்னொருவர் எழுதும் வேலையை வரைவு நடத்தியிருக்கும் விதம். இந்த வேலைக்குத் தமிழில் பெயர் வைத்தவர்கள் சொன்னவரையும் எழுதியவரையும் ஒன்றாகக் கலந்ததில்லை. சோழர் காலச் சாசனங்களில் அரசன் வாய்மொழியாக ஆணையிடுகிறான். அதைக் கேட்கும் அதிகாரி திருவாய்க்கேள்வி. ஓலையில் எழுதுபவன் திருமந்திர ஓலை. எழுதியது சரிதான் என்று ஒப்புபவன் திருமந்திர ஓலை நாயகம். அதன்பின் புரவுவரித் திணைக்களத்தில் வரியிலிடும் வேலைக்கு வரிப்பொத்தகம், முகவெட்டி, பட்டோலை என வேறு ஆட்கள். நாகப்பட்டினத்துச் சூடாமணி விகாரத்துக்கு ஆனைமங்கலத்தைக் கொடுத்த ராஜராஜனின் ஆணை செப்பேட்டில் ஏறியது அவன் மகன் ராஜேந்திரன் காலத்தில். லெய்டன் நகரத்துக்குப் போய்ச்சேர்ந்த அந்த 21 ஏடுகளை இன்று படிப்பவருக்கும், அரசன் வாயிலிருந்து கணக்கு வரை அந்த ஆணை எந்தெந்தக் கைகள் வழியாக வந்தது என்பது தெரிகிறது. வரைவின்படி இவ்வளவும் பதிவு. ஆயிரம் ஆண்டுக்கு முன் இத்தனை சொல் வைத்திருந்த மொழிக்கு இன்று ஒன்று போதும் என்று யாரைக் கேட்டு முடிவு செய்தார்கள்?

சேக்கிழாரும் இதே துல்லியத்தோடுதான் எழுதுகிறார். தடுத்தாட்கொண்ட புராணத்தில் ஒரு கிழவர் ஓலை காட்டிச் சுந்தரரைத் தன் அடிமை என்று வழக்காடுகிறார். சுந்தரர் கிழித்தது படியோலை. மூல ஓலை கிழவர் கையில் பத்திரமாக இருக்கிறது. வெண்ணெய்நல்லூர்ச் சபையார் அந்த மூல ஓலையைக்கூட அப்படியே நம்பிவிடவில்லை. சுந்தரருடைய பாட்டனாரின் கையெழுத்துள்ள வேறோர் ஓலையைக் காப்பிலிருந்து வரவழைத்து ஒப்பிட்டுப் பார்த்த பிறகே தீர்ப்புச் சொல்கிறார்கள். மூலம், படி, காப்பு, ஒப்பு நான்கும் வேறுவேறாக இருந்ததால்தான் அந்த வழக்கே நடந்தது. நான்கையும் பதிவு என்று எழுதிப் பாருங்கள்: ஒருவர் பதிவைக் கிழிக்கிறார், இன்னொருவர் பதிவைக் காட்டுகிறார், சபையார் பதிவோடு பதிவை ஒப்பிடுகிறார்கள்.

பழையதை வைத்துக்கொண்டு நாங்கள் வாதாடுவதாக வரைவுக்குழுவினர் சொல்லக்கூடும். சரி, இன்றைய சார்பதிவாளர் அலுவலகத்துக்கே வருவோம். கிரயப் பத்திரத்தில் நிலத்தை விற்பவர் ‘எழுதிக் கொடுப்பவர்’, வாங்குபவர் ‘எழுதி வாங்குபவர்’. பேனா பிடிப்பது இருவருமல்ல, ஆவண எழுத்தர். அவர் பெயர் பத்திரத்தின் கடைசியில் தனியே வரும். எழுதப் படிக்கத் தெரியாத ஒரு கிழவி பெருவிரல் ரேகை வைத்தாலும் எழுதிக் கொடுத்தவர் அவர்தான், வாக்கு அவருடையது என்பதால். வாக்குமூலத்திலும் இப்படியே. விசாரணையில் காவல் அதிகாரி எழுதிக்கொள்ளும் வாக்குமூலத்தில் சொன்னவரிடம் கையெழுத்து வாங்கக் கூடாது என்கிறது சட்டம். நடுவர் முன் கொடுக்கும் ஒப்புதல் வாக்குமூலத்திலோ கொடுத்தவர் கையெழுத்திட்டே ஆக வேண்டும், அதைப் படித்துக் காட்டியதாக நடுவர் சான்று எழுத வேண்டும். ஒருவர் சிறைக்குப் போவதும் போகாமலிருப்பதும் இந்த வேறுபாட்டில் தொங்குகிறது. இரண்டுக்கும் ‘பதிவு’ என்று ஒரே பெயர் சூட்டியவர்கள் ஒரு நாளாவது நீதிமன்ற வராந்தாவில் நின்றிருப்பார்களா என்ற கேள்வி எழுகிறது. (இந்த வாக்கியத்தை நீக்கும்படி சில உறுப்பினர்கள் கேட்டார்கள். நீக்கவில்லை.)

இதைவிட மோசம் ‘குரல் பதிவு’. ஒருவர் பேசியதை ஒலியாகவே பிடித்து வைப்பதற்கும், பேசியதைக் கருவி கேட்டு எழுத்தாக்கித் தருவதற்கும் வரைவு இந்த ஒரே தொடரைத் தருகிறது. முன்னதில் இருப்பது ஆளின் குரல். பின்னதில் இருப்பது கருவிக்குக் கேட்டது. தமிழில் ரகர றகரமும் ணகர னகரமும் ல, ள, ழ மூன்றும் பலருடைய பேச்சில் ஒன்றாகிவிடும். ஏரிக்கரை ‘ஏரிக்கறை’ ஆனால் சிரித்துவிட்டுத் திருத்தலாம். பணிக்காலம் ‘பனிக்காலம்’ ஆகி ஓய்வூதியக் கோப்பில் ஏறினால் அலைவது ஒரு குடும்பம். சுருக்கெழுத்தர் எழுதினால், எடுத்த குறிப்பு ஒரு தாளில் இருக்கும், விரித்தெழுதியது இன்னொரு தாளில் இருக்கும். ஐயம் வந்தால் இரண்டையும் வைத்துப் பார்க்கலாம். கருவி வேண்டாம் என்று நாங்கள் சொல்லவில்லை. கருவி எழுதியதற்குக் கருவி எழுதியது என்று பெயர் இருக்க வேண்டும், சரிபார்த்தவருக்கும் ஒரு பெயர் இருக்க வேண்டும் என்கிறோம். ‘டிக்டேஷன்’ என்பதற்கு எந்தச் சொல் என்பதில் எங்களுக்குள்ளும் கருத்து ஒன்றுபடவில்லை. பள்ளிக்கூடத்துச் ‘சொல்வதெழுதுதல்’ பெரும்பாலோருக்கு உகந்ததாகத் தோன்றுகிறது. அலுவலகப் பேச்சில் டிக்டேஷன் இருந்துவிட்டுப் போகட்டும் என்போரும் உண்டு.

கோப்பு முடிவுகளுக்கு வருவோம். ஆங்கிலக் கோப்புகளில் எல்.டிஸ்., கே.டிஸ்., டி.டிஸ். என்று போட்ட குறிகளுக்குத் தமிழ் அலுவலகங்கள் ஓ.மு., மூ.மு., ப.மு. என்று எழுதின: ஓராண்டு முடிவு, மூன்றாண்டு முடிவு, பத்தாண்டு முடிவு. ஆங்கிலக் குறியைப் பார்த்தால் எத்தனை ஆண்டு என்பது விதிநூலைப் புரட்டியவருக்குத்தான் தெரியும். தமிழ்க் குறி தன் ஆயுளைத் தானே சொல்லிவிடுகிறது. மூலத்தைவிடத் தெளிவாக அமைந்த அபூர்வமான மொழியாக்கங்களில் இது ஒன்று. வரைவு இதையும் எடுத்துவிட்டு ‘முடிவுற்ற பதிவு’ என்கிறது. எப்போது அழிக்கலாம் என்பதைச் சொல்லாத கோப்பு ஒன்று அழியாமல் கிடந்து கறையானுக்குப் போகும், அல்லது அழிக்கக் கூடாத நாளில் அழியும். தகவல் அறியும் உரிமைச் சட்டம் 2005இன் 4ஆம் பிரிவு, ஆவணங்களைப் பட்டியலிட்டு, அடைவு செய்து வைப்பது பொது அதிகார அமைப்பின் கடமை என்கிறது. அடைவில் சொல் மாறிவிட்டால் கோப்பு அலமாரியில் இருக்கும்போதே ‘அப்படி ஒரு ஆவணம் இல்லை’ என்று பதில் எழுதலாம், அந்தப் பதில் பொய்யும் ஆகாது. இப்படி ஒரு வசதி யாருக்கு வேண்டியிருக்கிறது என்று கேட்க நினைத்தோம். கேட்காமல் விடுவதாகச் செயற்குழு முடிவெடுத்தது.

நூலகச் சொற்களைப் பற்றி நீளமாக எழுத வேண்டியதில்லை. சேர்க்கை எண்ணும் பகுப்பு எண்ணும் ஒன்றல்ல என்பது நூலகத்தில் ஒரு வாரம் வேலை பார்த்தவருக்கே தெரியும். குறிப்புதவிப் பிரிவு, இரவல் பிரிவு என்ற பெயர்ப்பலகைகளை மாற்றவேண்டிய அவசியம் எங்களுக்குப் புலப்படவில்லை. இலங்கையில் வாசிகசாலை, கோவை, சுவடிகள் திணைக்களம் என்று வழங்குவதை ‘வட்டாரப் பிழை’ என்று குறித்திருப்பது வருந்தத்தக்கது. அந்தக் குறிப்பை நீக்க வேண்டும்.

இத்தனை சொல் இருந்தால் மக்களுக்குப் புரியாது என்பது எங்களிடம் சொல்லப்பட்ட காரணங்களில் முதலாவது. பட்டா, சிட்டா, அடங்கல், கிரயம், வில்லங்கம் ஆகியவற்றின் வேறுபாட்டைப் பள்ளிக்கூடம் போகாத விவசாயிகூடத் தாலுகா அலுவலகத்தில் தெளிவாகச் சொல்கிறார். சொத்து கையைவிட்டுப் போகும் என்றால் சொல் தானாக மனதில் நிற்கும். கர்ணம் பதவியை 1980இல் ஒழித்தார்கள், அவர் எழுதிய அடங்கல் ஒழியவில்லை. கணினிக்கு ஒரே தலைச்சொல் வேண்டும் என்பது இரண்டாவது காரணம். அட்டைப் பட்டியல் காலத்திலேயே ‘காண்க’ என்று ஓர் அட்டை செருகி நூலகர்கள் இதைத் தீர்த்துவிட்டார்கள். பல சொல்லைப் பொறுத்துக்கொள்ளும் விஷயத்தில் மர அலமாரியைவிடக் கணினி மட்டம் என்று யாரும் நிரூபிக்கவில்லை. தூய தமிழ் வேண்டும் என்ற மூன்றாவது காரணத்தை நாங்கள் மதிக்கிறோம்; எங்களில் பலருக்கும் அந்த விருப்பம் உண்டு. ஆனால் வரைவு தூக்கியெறிந்திருக்கும் சொற்களில் பாதிக்குமேல் நல்ல தமிழ். தவிரவும், சென்னைப் பல்கலைக்கழகம் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளியிட்ட பேரகராதிக்கே பெயர் தமிழ் லெக்சிகன். அதனால் அதற்குள் இருக்கும் தமிழ்ச் சொல் எதுவும் குறைந்துபோகவில்லை.

ஆகவே எங்கள் கோரிக்கைகள்: ‘வழக்கிழந்தவை’ என்ற குறி முழுவதும் நீக்கப்பட வேண்டும். எந்தப் புதுச் சொல் வந்தாலும் பழைய சொல்லிலிருந்து அதற்கும் அதிலிருந்து பழையதற்கும் ‘காண்க’ இருக்க வேண்டும். சொன்னவர், எழுதியவர், சரிபார்த்தவர் மூவருக்கும் தனித்தனிச் சொல் வேண்டும். அவை எவை என்பதில் பேசித் தீர்த்துக்கொள்ள நாங்கள் அணியமாக இருக்கிறோம். இவை இல்லாத பட்டியலை எங்கள் உறுப்பினர்கள் தங்கள் நூலகங்களிலும் பதிவறைகளிலும் பயன்படுத்த மாட்டார்கள். ‘மாட்டார்கள்’ என்பதைப் ‘பயன்படுத்துவதில் சிரமம் ஏற்படலாம்’ என்று மாற்றும்படி ஒரு திருத்தம் வந்தது; வாக்கெடுப்பில் தோற்றது.