காசு கொடுத்து முடிச்சுப் போட்டேன்



வெளிநாடு போய் வந்த சகோதரிகள் எழுதும் கடிதங்களை இந்தப் பகுதியில் விடாமல் படிப்பவள் நான். கோபுரம் பார்த்தது, கடை வீதியில் அலைந்தது, ரசம் சாதத்துக்கு நாக்கு ஏங்கியது என்று சுவையாக எழுதுவார்கள். நான் எழுதப் போவது ஒரு கைக்குட்டையைப் பற்றி. அதற்காக என்னவரிடம் வாங்கிய பேச்சையும் சேர்த்துத்தான்.

என்னவர் மோட்டார் உதிரி பாகம் செய்யும் கம்பெனியில் வேலை பார்க்கிறார். 2024-ல் ஆறு மாதப் பயிற்சிக்காக அவரை ஜப்பானில் நகோயாவுக்கு அனுப்பினார்கள். மே மாத லீவுக்கு நானும் மகளும் மூன்று வாரம் போய் இருந்தோம். பத்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்திய எனக்கு விமானம் ஏறியதே பெரிய விஷயம். அங்கே அடுத்த கட்டடத்தில் கோயம்புத்தூர் பெண் ஒருத்தி, நாலு வருஷமாக இருப்பவள், ஜப்பான் பாஷை நன்றாகப் பேசுவாள். அவள்தான், "அக்கா, கோட்டையும் கோயிலும் எல்லாரும் பார்க்கிறதுதானே. ரயில்ல இருபது நிமிஷம் போனா அரிமட்சுன்னு ஒரு ஊர். துணியில முடிச்சுப் போட்டு சாயம் போடுறதை நமக்கே சொல்லித் தர்றாங்க. போலாமா?" என்றாள்.

தலைக்கு எவ்வளவு என்று கேட்டேன். நம்ம பணத்தில் சுமார் 1,500 ரூபாய். மகளோடு சேர்த்தால் இரண்டு பங்கு. என்னவருக்கு வந்ததே கோபம். "வேலை செஞ்சா காசு தருவாங்க. காசு குடுத்து வேலை செய்யுற ஆளை இப்பத்தான் பார்க்கிறேன். அந்தக் காசுக்கு ரெண்டு கைக்குட்டை கடையிலயே வாங்கலாமே" என்றார். அவர் கேட்டது நியாயம் என்றுதான் அன்றைக்கு எனக்கும் பட்டது. ஆனாலும் முடிச்சு என்ற சொல் காதில் விழுந்ததும் உள்ளே என்னவோ செய்தது. காரணத்தைப் பின்னால் சொல்கிறேன்.

அரிமட்சு சின்ன ஊர். முன்காலத்தில் எடோ என்ற இன்றைய டோக்கியோவுக்கும் கியோட்டோவுக்கும் நடுவே போன டோக்காய்டோ என்ற பெரிய சாலையின் மேல் 1608-ல் உண்டாக்கிய ஊராம். அங்கே நிலம் விவசாயத்துக்கு அவ்வளவாக உதவவில்லை. அதனால் குடியேறியவர்கள் பருத்தித் துணியில் முடிச்சுப் போட்டு நீலச் சாயம் தோய்த்து வழிப்போக்கர்களுக்கு விற்க ஆரம்பித்தார்கள். பக்கத்தில் நகோயா கோட்டை கட்ட வந்த வேற்றூர் ஆட்கள் வைத்திருந்த துணியைப் பார்த்து தகெடா ஷோகுரோ என்பவர் தொடங்கி வைத்ததாகச் சொல்கிறார்கள். பழனிக்குப் போனால் பஞ்சாமிர்தம் வாங்காமல் வருவோமா? அந்தச் சாலையில் போனவர்களுக்கு இந்தத் துணி அப்படி. ஹிரோஷிகே என்ற பெரிய ஓவியர் அந்தச் சாலை ஊர்களைப் படம் வரைந்தபோது, பக்கத்து ஊரான நருமியின் படத்தில் இந்தத் துணிக் கடைகளைத்தான் வரைந்தார். 1784-ல் ஊரே தீப்பிடித்து எரிந்துபோய், அதன் பிறகு கனத்த சாந்துச் சுவரும் ஓட்டுக் கூரையுமாகக் கட்டிய வீடுகள் இன்றும் தெருவின் இருபக்கமும் நிற்கின்றன. இந்த வேலைக்கு அவர்கள் பாஷையில் ஷிபோரி என்று பெயர். பிழிவது என்று பொருளாம்.

வகுப்பு என்றதும் பள்ளிக்கூடம் மாதிரி நினைத்தேன். ஒரு நீள மேஜை, ஏழெட்டு நாற்காலி, அவ்வளவுதான். எங்களோடு ஜப்பான் பெண்களே நாலு பேர் இருந்தார்கள். அவர்கள் ஊர் வேலையை அவர்களே காசு கட்டிக் கற்றுக்கொள்ள வந்திருந்தது எனக்கு முதல் ஆச்சரியம். வெள்ளைப் பருத்தித் துணியில் நீலப் புள்ளிகள் வைத்துக் கொடுத்தார்கள். துளை போட்ட காகிதத்தை வைத்துத் தடவிய புள்ளி. தண்ணீர் பட்டால் போய்விடும். சொல்லித் தர வந்தவர் எண்பது வயதைத் தாண்டிய பாட்டி. கூன் விழுந்த முதுகு, ஆனால் கண்ணாடி கூடப் போடவில்லை. அவருக்கு முன்னால் ஒரு மரக்கட்டை, அதில் நட்டிய ஒரு கொக்கி. துணியின் புள்ளியைக் கொக்கியில் மாட்டி, மடிப்பைச் சரிசெய்து, நூலைக் கீழிருந்து மேலே கிறுகிறுவென்று சுற்றினார். சிலந்திக் கூடு என்று அந்தக் கட்டுக்குப் பெயர். பிரித்தால் சிலந்தி வலை மாதிரியே கோடு விழுமாம். இப்படி நூறு தினுசுக் கட்டு இருக்கிறதாம். ஒரு வீட்டில் ஒரு கட்டுத்தான், அம்மாவிடமிருந்து மகளுக்கு வரும். படம் போடுபவர் ஒருவர், காகிதம் வெட்டுபவர் ஒருவர், கட்டுபவர், சாயம் தோய்ப்பவர், நூல் பிரிப்பவர் என்று ஒரு துணி பல கை மாறும் என்றும் சொன்னார்கள்.

எங்களுக்குக் கொடுத்தது எளிய கட்டு. புள்ளியை விரலால் கிள்ளிப் பிடித்து, நாலு சுற்றுச் சுற்றி, ஒரு இழுப்பு. எல்லோரும் தட்டுத் தடுமாறி ஒன்று கட்டுவதற்குள் நான் பத்துக் கட்டிவிட்டேன். கை தானாக ஓடுகிறது! மகள் வாயைப் பிளந்துகொண்டு, "அம்மா, உனக்கு இது எப்படித் தெரியும்?" என்றாள்.

சகோதரிகளே, இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லத்தான் இந்தக் கடிதமே. என் பிறந்த ஊர் மதுரை. மகால் பக்கம் வாடகை வீடு. பக்கத்து வீட்டு சௌராஷ்டிர அக்கா எங்கம்மாவுக்குச் சுங்குடி கட்டச் சொல்லிக் கொடுத்தார். அப்பாவுக்கு வேலை இல்லாத மாதங்களில் எங்கள் அடுப்பு எரிந்தது அந்த முடிச்சில்தான். பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் நானும் திண்ணையில் உட்கார்ந்து கட்டுவேன். ஒரு புடவைக்கு ஆயிரக்கணக்கில் முடிச்சு. முடிச்சை எண்ணித்தான் கூலி. புடவை முழுக்கக் கட்டி முடித்தாலும் பால் கணக்குத் தீர்க்கத்தான் காணும். கல்யாணம் பேசும்போது, "மாப்பிள்ளை வீட்ல இதெல்லாம் சொல்லாதே, கூலிக்குக் கட்டுற வீடுன்னு இளப்பமா நினைப்பாங்க" என்று அம்மாவே சொன்னார். நானும் சொல்லவில்லை. பதினாலு வருஷமாக மாமியார் வீட்டில் யாருக்கும் தெரியாது. மகளுக்கும் தெரியாது. அன்றைக்கு ஜப்பானில் ஒரு மேஜையில் வைத்து என் கையே என்னைக் காட்டிக் கொடுத்துவிட்டது.

பாட்டி எழுந்து வந்து என் கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தார். "ஜோஸு" என்றார். கை தேர்ந்தவள் என்று அர்த்தமாம். கோயம்புத்தூர்ப் பெண் மூலமாக எங்கே கற்றாய் என்று கேட்டார். எங்கம்மா கூலிக்குக் கட்டினார் என்று சொன்னேன். முதல் முறையாக வெளியாட்கள் முன்னால் சொன்னேன். அவர் சிரித்துக்கொண்டு, நானும் கூலிக்குத்தான் கட்டினேன், எட்டு வயதில் பாட்டி பக்கத்தில் உட்கார்ந்து ஆரம்பித்தேன், அப்போது கூலி ரொம்பக் குறைவு என்றார். அவர் மகள் ஆபீஸ் வேலைக்குப் போய்விட்டாளாம். இந்த வேலைக்கு வரவில்லை.

இதையும் மறைக்காமல் எழுத வேண்டும். ஜப்பானில் எல்லாம் தேனும் பாலும் என்று எழுதினால் அது பொய். கட்டுவதற்கு ஆள் குறைந்துபோய், கூலி மலிவாக இருக்கிற சீனா மாதிரி நாடுகளுக்கு அந்த வேலையைக் கொடுத்து வாங்கிய காலமும் உண்டு. இளம்பிள்ளைகள் வராத கவலை அங்கேயும் இருக்கிறது. 1975-லேயே அரசாங்கம் இதைப் பாரம்பரியக் கைத்தொழில் என்று அறிவித்தும் கவலை தீரவில்லை. ஆனால் ஒரு வித்தியாசம். அந்தப் பாட்டியை மேஜைக்கு முன்னால் உட்கார வைத்திருக்கிறார்கள். வருகிறவர்கள் அவருக்குக் குனிந்து வணக்கம் சொல்லிவிட்டு உட்காருகிறார்கள். எங்கம்மா கட்டிய புடவையை வாங்கிய எந்தப் பெண்ணுக்காவது எங்கம்மா முகம் தெரியுமா? புடவை கடைக்குப் போகும், கூலி கைக்கு வரும், அதோடு சரி.

ஒரு மணி நேர வகுப்பில் என்ன கலை வந்துவிடும், விளையாட்டுத்தானே என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். என்னவரே கேட்டார். கலை வராதுதான். என் பக்கத்தில் இருந்த பெண் மொத்தம் பதினெட்டு முடிச்சுத்தான் கட்டினாள், அதிலும் பாதி அவிழ்ந்துபோனது. ஆனால் வகுப்பு முடிந்து கீழே கடைக்குப் போனபோது, முதலில் விலைச் சீட்டைப் பார்த்து உதட்டைப் பிதுக்கிய அதே பெண், ஒரு துணியை எடுத்துப் புள்ளிகளை விரலால் எண்ணிப் பார்த்துவிட்டு மறுபேச்சில்லாமல் வாங்கினாள். நானே பார்த்தேன். நாமெல்லாம் ஜவுளிக் கடையில் "இதுக்கா இவ்வளவு?" என்று கேட்கிறோமே, ஒரு மணி நேரம் கட்டிப் பார்த்தவள் அப்படிக் கேட்க மாட்டாள்.

இதை நம்ம மதுரையில் செய்தால் என்ன என்பதுதான் என் கேள்வி. மீனாட்சி அம்மனைத் தரிசிக்க எத்தனை ஊர்க்காரர்கள் வருகிறார்கள்! மகாலைப் பார்த்துவிட்டு வெளியே வந்தால் ஐஸ்கிரீமும் தொப்பியும்தான் விற்கிறது. ஒரு திண்ணையில் நாலு பாய் விரித்து, கட்டத் தெரிந்த அம்மாக்களை உட்கார வைத்து, ஒரு முழத் துணியில் இருபது முடிச்சுக் கட்டச் சொல்லித் தரலாமே. சுங்குடிக்குப் புவிசார் குறியீடு வாங்கியாகிவிட்டது. சந்தோஷம். ஆனால் இன்று சுங்குடி என்று கடையில் விற்பதில் பெரும்பாலானவை மெழுகிலும் அச்சிலும் புள்ளி வைத்தவை. விலை குறைவு, பார்க்கவும் அழகு, நானும் கட்டுகிறேன், குற்றம் சொல்லவில்லை. கையால் கட்டியது எது என்று தடவிப் பார்த்துக் கண்டுபிடிக்கத் தெரிந்த பெண்கள் எத்தனை பேர்? முடிச்சுப் போட்ட இடத்தில் துணி லேசாகப் புடைத்து நிற்கும். புள்ளி ஒன்றுபோல் ஒன்று இருக்காது. ஒரு கண்டிஷன் மட்டும். வகுப்புக்கு வாங்குகிற காசில் நல்ல பங்கு சொல்லித் தருகிற கைக்கே போக வேண்டும். கடைக்காரர் கல்லாவில் விழுந்துவிட்டு அம்மாக்களுக்குக் காபி மட்டும் என்றால் அந்த வகுப்பே வேண்டாம்.

அன்று சாயம் அங்கேயே போடவில்லை. கட்டிய துணியை வாங்கி வைத்துக்கொண்டார்கள். சாயம் தோய்த்துப் பிறகு தபாலில் அனுப்பினார்கள். நாங்கள் ஊர் திரும்பிய பிறகுதான் அது என்னவரின் அறைக்கு வந்தது. ஆகஸ்டில் அவர் வரும்போது பெட்டியில் மடித்து வைத்துக் கொண்டு வந்தார். அதற்குள் மகள் மூலமாக மாமியாருக்கு விஷயம் போய்விட்டது. பயந்துகொண்டிருந்தேன். அத்தை என்ன சொன்னார் தெரியுமா? "எனக்கு ஒரு புடவை கட்டித் தரணும்னு உனக்குத் தோணவே இல்லையா இத்தனை வருஷமா?" அவ்வளவுதான்! என்னவர்தான் ஒரு நாள் முழுக்கப் பேசாமல் இருந்தார். மறைத்தது அவருக்கு வருத்தம். அதில் அவர் பக்கம் நியாயம் இருக்கிறது.

கைக்குட்டையை அம்மாவிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். அம்மாவுக்கு இப்போது விரல் மடங்குவதில்லை. நீலத்தில் வெள்ளைப் புள்ளி பளிச்சென்று இருந்தது. பாராட்டுவார் என்று பார்த்தால், துணியைத் திருப்பிப் பின்பக்கத்தை வெளிச்சத்தில் பிடித்து, "மூணாவது வரிசையில நூலைத் தளர விட்டிருக்கே. சாயம் உள்ளே இறங்கிடுச்சு பாரு" என்றார். பார்த்தேன். இறங்கித்தான் இருந்தது. "பேச்சுச் சுவாரஸ்யத்துல கட்டினியா?" என்று வேறு கேட்டார்.

அந்தக் கைக்குட்டை இப்போது அம்மா வீட்டில் சாமி படத்துக்குக் கீழே இருக்கிறது. போன லீவுக்கு மகளை அவரிடம் உட்கார வைத்தேன். நாற்பது முடிச்சு வரைக்கும் கட்டினாள். அதற்குள் பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் கூப்பிட்டார்கள் என்று எழுந்து ஓடிவிட்டாள். துணி பாதியில் நிற்கிறது. அத்தைக்கு நான் கட்ட ஆரம்பித்த புடவையும்தான்.

இப்படிக்கு,
ஒரு மதுரைப் பெண்