ஜூலியின் டிஸ்சார்ஜ் சம்மரியில் கையெழுத்துப் போட்டது யார்?

தொலைக்காட்சி நிகழ்ச்சிகள் மீது வரும் புகார்களுக்குப் பொறுப்பான உயர் அதிகாரி அவர்களுக்கு,

புதுச்சேரி லாஸ்பேட்டையிலிருந்து, பணி ஓய்வு பெற்ற செவிலியர் ஒருத்தி எழுதுவது.

தங்கள் பெயரை எழுதாமல் விட்டிருக்கிறேன். நான் மனுப் போடத் தொடங்கிய பிறகு அந்த இருக்கையில் ஆட்கள் மாறிவிட்டார்கள். பதில் மட்டும் மாறவில்லை. மனு கிடைத்தது, உரியவருக்கு அனுப்பப்பட்டுள்ளது என்று ஒவ்வொரு முறையும் மரியாதையாகத்தான் வந்தது. அந்த உரியவர் யார் என்று கேட்டு எழுதினால், அந்தக் கேள்வியும் உரியவருக்கே போய்விடுகிறது. ஆகவே இந்த முறை தபால் தலை ஒட்டாமல் ஊரறிய எழுதுகிறேன். விதிகளை எடுத்துச் சொல்லித் தங்கள் நேரத்தை வீணாக்க மாட்டேன். அவை தங்களுக்கு மனப்பாடம். ஒரே ஒரு பெண்ணுக்கு நடந்ததை மட்டும் சொல்கிறேன்.

மரியா ஜூலியானா என்றால் சட்டென்று பிடிபடாது, ஜூலி என்றால் தெரிந்துவிடும். சென்னையில் நர்ஸ் வேலை பார்த்தவர். 2017 ஜனவரியில் ஜல்லிக்கட்டுக்காக மெரினாவில் கூட்டம் திரண்டபோது அங்கே போய் உட்கார்ந்தார். அன்றைய முதலமைச்சர் ஓ. பன்னீர்செல்வத்தையும் சசிகலாவையும் இழுத்து அவர் போட்ட கோஷங்கள் செல்போன் செல்போனாகப் பரவின. அதே வாரத்தில் இங்கே ஏ.எஃப்.டி. திடலில் எங்கள் ஊர்ப் பிள்ளைகளும் உட்கார்ந்திருந்தார்கள். நான் பாடம் எடுத்த மாணவிகளும் அதில் இருந்தார்கள். மெரினாவில் முன்னால் நின்று கத்துகிறவள் நம்மைப் போல ஒரு நர்ஸ் என்பதில் அவர்களுக்குத் தனிப் பெருமை. டாக்டர் ரவுண்ட்ஸ் வரும்போது வாயைத் திறக்காதே என்பதுதானே எங்கள் தொழிலில் முதல் பாடம். ஊடகங்கள் ஜூலிக்கு ‘வீரத் தமிழச்சி’ என்று பட்டம் கட்டின.

அடுத்த ஐந்தாவது மாதம், ஜூன் 25 அன்று, விஜய் தொலைக்காட்சியில் பிக் பாஸ் தமிழ் தொடங்கியது. ஈ.வி.பி. ஃபிலிம் சிட்டியில் போட்ட வீடு, கமல்ஹாசன் தொகுப்பாளர், 100 நாள். உள்ளே போனவர்களில் பெரும்பாலோர் சினிமாவிலோ சின்னத்திரையிலோ மாடலிங்கிலோ கேமரா பழகியவர்கள். கேமரா எந்தப் பக்கம் திரும்பினால் எப்படி நிற்க வேண்டும் என்று தெரியாமல் போனவர் ஜூலிதான்.

பிறகு அந்த வார இறுதி வந்தது. சக போட்டியாளர் ஓவியாவோடு நடந்த ஒரு தகராறைப் பற்றி ஜூலி சொன்னது ஒன்றாகவும், கேமராவில் பதிவானது வேறாகவும் இருந்தது. எல்லோரையும் சோபாவில் உட்காரவைத்து, ‘குறும்படம்’ என்று பெயர் சூட்டி அதைத் திரையிட்டார்கள். பொய் சொன்னது தப்பு, அதற்கு வக்காலத்து வாங்க நான் வரவில்லை. மாமியார் மருமகள் உள்ள எந்த வீட்டிலும் வாரத்துக்கு இரண்டு முறை நடக்கிற பொய் அது. ஆனால் அந்தச் சபையைத் தாங்கள் ஓர் அதிகாரியின் கண்ணால் பார்த்ததுண்டா? குற்றம் சாட்டுவது நிகழ்ச்சி. சாட்சி சொல்வது நிகழ்ச்சியின் கேமரா. எதைக் காட்டலாம், எதை வெட்டலாம் என்று முடிவு செய்வதும் நிகழ்ச்சிதான். தீர்ப்புச் சொல்பவர் அந்த நிகழ்ச்சியில் சம்பளம் வாங்குபவர். நடுநடுவே விளம்பர இடைவேளை. கூண்டில் நிற்பவளுக்கோ போன் கிடையாது, பேப்பர் கிடையாது, வெளியே தன்னை என்ன பேசுகிறார்கள் என்ற தகவல்கூடக் கிடையாது. ஒரு நாளில் அவள் வாழ்ந்தது 24 மணி நேரம், எங்களுக்குக் காட்டியது ஏறக்குறைய 1 மணி நேரம். மிச்சத்தில் அவள் யாருக்காவது தலைவலிக்குத் தைலம் தேய்த்துவிட்டிருக்கலாம். அதையெல்லாம் வைத்தால் ரேட்டிங் வராது.

ஆகஸ்ட் தொடக்கத்தில் எல்லாம் உச்சத்துக்குப் போனது. ஓவியா மனம் உடைந்து வெளியேறினார். அவர் நீச்சல் குளத்தில் இறங்கிய காட்சியை வைத்து, தற்கொலை முயற்சி என்று ஒரு வழக்கறிஞர் புகார் கொடுக்க, படப்பிடிப்பு வளாகத்துக்கே போலீஸ் போய் விசாரித்தது. அதையொட்டியே ஜூலியும் வெளியே வந்தார். போலீஸ் வந்த நிகழ்ச்சிக்கு மறுநாளும் ஒளிபரப்பு உண்டு, ஐயா. தங்கள் தரப்பிலிருந்து யாராவது அங்கே போய், உள்ளே மிச்சம் இருப்பவர்கள் தூங்குகிறார்களா, சாப்பிடுகிறார்களா என்று கேட்டார்களா?

வெளியே ஜூலிக்குக் காத்திருந்தது என்ன என்று எங்கள் ஏர்போர்ட் சாலை டீக்கடையில் உட்கார்ந்திருந்தாலே தெரிந்திருக்கும். பொய் சொல்கிற பிள்ளைக்குப் பெயர் ‘ஜூலி’. நடிக்கிறவளுக்குப் பெயர் ‘ஜூலி’. மீம்ஸ் போட்டவர்களுக்கு அவர் முகம் மாதக்கணக்கில் தீனி. கலைஞர் தொலைக்காட்சியில் குழந்தைகளுக்கான நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்கினார், அதற்கு வசவு. ‘மன்னர் வகையறா’வில் தலைகாட்டினார், அதற்கும் வசவு. நீட் தேர்வால் உயிரை விட்ட அரியலூர் அனிதாவாக நடிக்கப்போகிறார் என்று செய்தி வந்ததும், இவளா என்று கேட்டார்கள். அம்மன் வேடம் கட்டினாலும் அதே கேள்விதான். மெரினாவில் தோளில் தூக்கிய கைகளும் கல்லெறிந்த கைகளும் ஒன்றேதான் என்பது இருக்கட்டும். அந்தக் கைகளில் கல்லைக் கொடுத்தது யார்?

இன்னும் ஒன்று உண்டு. தங்கள் கோப்பில் இது கட்டாயம் இருக்காது. 2022-ல் ‘பிக் பாஸ் அல்டிமேட்’ என்று ஹாட்ஸ்டாரில் 24 மணி நேரமும் ஓடவிட்டார்கள். ஜூலி மறுபடி உள்ளே போனார். அதே பெண், அதே வாய், அதே அழுகை. முன்பு திட்டிய பலருக்கு இந்த முறை அவரைப் பிடித்துப்போயிற்று. ஐந்து வருடத்தில் ஜூலி திருந்திவிட்டார் என்று சிலர் எழுதினார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. முழுதாகக் காட்டினார்கள், முழுதாகத் தெரிந்தார். அப்படியானால் 2017-ல் நாம் பார்த்தது யாரை?

சம்மதித்துத்தானே போனார், பணம் வாங்கினாரே என்று உங்கள் அலுவலகத்தில் ஒருவர் என்னிடம் போனில் சொன்னார். ஆபரேஷனுக்கு முன்னால் நாங்களும் கையெழுத்து வாங்குகிறோம். கையெழுத்து வாங்கிவிட்டோம் என்பதற்காகத் தையல் பிரிக்காமல் வீட்டுக்கு அனுப்புவதில்லை. என்ன நடந்தது, என்ன மாத்திரை, எப்போது திரும்பி வர வேண்டும் என்று டிஸ்சார்ஜ் சம்மரி எழுதிக் கையில் கொடுக்கிறோம். கீழே ஒரு டாக்டரின் கையெழுத்து இருக்கும். நாளைக்கு ஏதாவது ஆனால் அந்தக் கையெழுத்தைப் பிடித்து உலுக்கலாம். ஜூலியை வெளியே அனுப்பியபோது கையெழுத்துப் போட்டது யார்? 2019-ல் இன்னொரு போட்டியாளர் மதுமிதா கையில் கட்டோடு அந்த வீட்டிலிருந்து வெளியே வந்தாரே, அப்போது? அவர் மீது சேனல் தரப்பு போலீசில் புகார் கொடுத்தது, அவர் பதிலுக்குப் புகார் கொடுத்தார். நோயாளி மீது ஆஸ்பத்திரியே கேஸ் போடுகிற அதிசயத்தை என் சர்வீசில் நான் பார்த்ததில்லை.

இங்கிலாந்தில் ஜேட் குடி என்று ஒரு பெண் இருந்தார். அவரும் நர்ஸ்தான், பல் மருத்துவமனையில். 2002-ல் ‘பிக் பிரதர்’ வீட்டுக்குள் போனார், பத்திரிகைகள் அவரைப் பன்றி என்று எழுதின. 2007-ல் மறுபடி உள்ளே போனபோது, நம் நடிகை ஷில்பா ஷெட்டியை இனவெறியோடு பேசியதற்காக நாடே அவர் மீது பாய்ந்தது. அங்கே ஒளிபரப்பைக் கண்காணிக்கும் ஆஃப்காம் அமைப்புக்கு 44,500-க்கும் மேல் புகார்கள் குவிந்தன. ஆஃப்காம் குற்றம் கண்டது சேனல் மீது. தன் தவறைத் தன் திரையிலேயே அறிவிக்க அந்தச் சேனலுக்கு உத்தரவு போட்டது. 2008-ல் நம் நாட்டு இந்தி பிக் பாஸுக்கு வந்திருந்தபோதுதான் தனக்குப் புற்றுநோய் என்ற செய்தி ஜேடுக்குத் தெரிந்தது. அடுத்த மார்ச்சில் இறந்துபோனார், வயது 27. 2021 ஏப்ரலிலிருந்து, இப்படிப்பட்ட நிகழ்ச்சிகளில் கலந்துகொள்பவர்களின் நலனைக் கவனிப்பது சேனலின் கடமை என்று அங்கே விதியே வந்துவிட்டது.

எங்கள் ஊரில் பிரான்சிலிருந்து பென்ஷன் வாங்கும் குடும்பங்கள் இன்னும் இருக்கின்றன. அந்த பிரான்சில் 2001-ல் ‘லாஃப்ட் ஸ்டோரி’ என்று இதே ரகத்தில் ஒன்று வந்தபோது, ஒளிபரப்பு ஆணையம் சில வாரத்திலேயே தலையிட்டு, தினமும் கொஞ்ச நேரமாவது கேமரா இல்லாமல் அவர்களை விடு என்றது. 2009-ல், இன்னொரு ரியாலிட்டி நிகழ்ச்சி பற்றிய வழக்கில், கலந்துகொண்டவர்கள் தொழிலாளர்கள்தான், அவர்களுக்கு வேலை ஒப்பந்தம் உண்டு என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வெள்ளைக்காரன் செய்தால்தான் சரி என்று நான் சொல்லவில்லை. நாற்காலியில் உட்கார்ந்தவர்கள் எழுந்து நின்றால் என்ன நடக்கும் என்று சொல்கிறேன்.

நம் நாட்டிலும் எழுந்து நின்றார்கள், மறந்துவிடக் கூடாது. 2025 அக்டோபரில் பெங்களூருவுக்குப் பக்கத்தில் பிடதியில் கன்னட பிக் பாஸ் வீடு இருந்த வளாகத்தை மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் மூடச் சொன்னது. கேட்டுக்குப் பூட்டுப் போட்டு, உள்ளே இருந்தவர்களை ஒரே நாளில் ரிசார்ட்டுக்கு அனுப்பினார்கள். காரணம், கழிவுநீரைச் சுத்திகரிக்காமல் வெளியே விட்டார்களாம். துணை முதலமைச்சர் தலையிட்டு இரண்டொரு நாளில் திறக்க வைத்தார் என்பது வேறு கதை. ஆனாலும் அதிகாரி என்று ஒருவர் வந்தார், பார்த்தார், பூட்டினார். சாக்கடைக்குக் கிடைத்த அந்த மரியாதை சாக்கடையில் தள்ளப்பட்டவளுக்குக் கிடைக்கவில்லையே, சார்.

தமிழில் ஒன்பது சீசன் ஆகிவிட்டது. கமல் போய் விஜய் சேதுபதி வந்துவிட்டார். பத்தாவதுக்கு ஆள் எடுக்கத்தான் போகிறார்கள். அதில் இன்னொரு நர்ஸ் இருக்கலாம், ஒரு டீக்கடைக்காரர் இருக்கலாம், எங்கள் லாஸ்பேட்டைப் பையன் ஒருவன்கூட இருக்கலாம். தடை செய்யுங்கள் என்று கேட்கவில்லை. தடை செய்தால் அதையே விளம்பரமாக்கிவிடுவார்கள். உள்ளே இருப்பவர்களைப் பார்க்கும் மனநல மருத்துவர் யார், அவர் யாரிடம் சம்பளம் வாங்குகிறார், வெளியே வந்த பிறகு எத்தனை மாதம் கூப்பிட்டு விசாரிப்பார், எதிலாவது குற்றம் சாட்டப்பட்டவர் வெட்டாத பதிவைக் கேட்டால் யார் கொடுப்பார்? இதைச் சேனலிடம் கேட்டு வாங்கி வெளியிடுங்கள். அதற்குக் கமிட்டி வேண்டாம், ஒரு பக்கக் கடிதம் போதும்.

அதுவும் முடியாதென்றால் சொல்லிவிடுங்கள். அடுத்த மனுவை உங்களுக்கு அனுப்பாமல், சென்னையில் இருக்கும் மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்துக்கே நேராக அனுப்பிவிடுகிறேன். பொருள் என்ற இடத்தில் ‘கழிவு வெளியேற்றம்’ என்று எழுதிக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
லாஸ்பேட்டையிலிருந்து ஒரு செவிலியர்