மண்டபம் தேடும் தகப்பனார்

பெண்ணுக்கு வரன் அமைந்த சந்தோஷம் ஒரு வீட்டில் நிலைத்திருப்பது, மண்டபம் தேடப் புறப்படும் வரையில்தான் என்பது என் அபிப்பிராயம். ஆடியும் மார்கழியும் விவாகத்துக்கு விலக்கு. புரட்டாசியையும் பலர் ஒதுக்குகிறார்கள். எஞ்சிய மாதங்களின் சொற்ப முகூர்த்தங்களுக்கு ஊரே போட்டியிடும்போது வாடகை எப்படி ஏறாமலிருக்கும்?

சென்ற கார்த்திகையில் சிநேகிதர் ஒருவருடன் மண்டபம் பார்க்கப் போயிருந்தேன். மேலாளர் பதிவேட்டைப் புரட்டப் புரட்ட, பஞ்சாங்கத் தாளில் குறித்துவந்த தை மாதத்துத் தேதிகளைப் பென்சிலால் ஒவ்வொன்றாக அடித்த அவருடைய விரல்கள் நடுங்கியதைக் கண்டேன். சொன்ன வாடகையின்மேல் 18 சதவீத ஜிஎஸ்டி, மீட்டர்படி மின்சாரம், ஜெனரேட்டருக்கு டீசல், துப்புரவுக் கூலி என்று ஒவ்வொன்றாக ஏறி, “ஏசி மண்டபமாக இருந்தால் நல்லது” என்று பிள்ளை வீட்டார் மிருதுவாகச் சொல்லியிருந்த ஒரு வாக்கியத்தின் பாரமும் சேர்ந்தபோது, வைப்பு நிதியிலிருந்து எடுக்கவேண்டிய தொகையை அவர் மனத்துக்குள் மறுபடி கூட்டிப் பார்ப்பது முகத்திலேயே தெரிந்தது.

வாசலில் பந்தலிட்டு, அயல்வீட்டுத் திண்ணையில் சம்பந்திகளைத் தங்கவைத்த காலம் இனித் திரும்பாது. ஆயினும், கோயிலில் தாலி கட்டி, சிறிய கூடத்தில் நூறு பேருக்கு இலை போடுவது கௌரவக் குறைவு என்ற எண்ணத்தைப் பிள்ளை வீட்டாரே முன்வந்து கைவிடவேண்டும். பெண்ணைப் பெற்றவர் அதை வாய்திறந்து கேட்க இயலாது.

சிநேகிதர் அன்று முன்பணம் கொடுக்கவில்லை. படியில் செருப்பை மாட்டிக்கொண்டே, “வைகாசியில் ஒரு நாள் கிடைக்குமா என்று நாளைக்கு வேறோர் இடத்தில் கேட்போம்” என்றார்.