வீட்டுல செஞ்ச பெயின்-ஓ-சாக்லேட் உண்மையில எவ்வளவு?

முதல்ல ஒரு தப்பை ஒத்துக்கணும். ஏழெட்டு மாசம் முன்னாடி சேனல்ல ஒரு வீடியோ போட்டிருந்தேன். கஃபேல வாரம் ரெண்டு தடவை வாங்கிச் சாப்பிடறதை வீட்டுலயே செஞ்சா மாசம் எவ்வளவு மிச்சம்னு ஒரு கணக்கு. அதுல உதாரணமா எடுத்தது பெயின்-ஓ-சாக்லேட். கஃபேல ஒண்ணு 160 ரூபாய், வீட்டுல பொருள் செலவு 40 ரூபாய், அப்போ முக்கால்வாசி மிச்சம்னு சிரிச்சுக்கிட்டே சொல்லியிருந்தேன். நல்லாத்தான் ஓடுச்சு அந்த வீடியோ.

போன மாசம் ஒரு பொண்ணு மெயில் போட்டிருந்தாங்க. ஓஎம்ஆர்ல ஐடி வேலை, வேலைக்குச் சேர்ந்து ரெண்டு வருஷம். "அக்கா, உங்க வீடியோ பார்த்துட்டு ஓவன் வாங்கினேன். 12 மாசம் நோ காஸ்ட் இஎம்ஐ. ரெண்டு தடவை செஞ்சேன், ரெண்டு தடவையும் வெண்ணெய் எல்லாம் தட்டுல ஓடிடுச்சு. இப்போ மாசக் கடைசியில அந்த 1,200 ரூபாய் இடிக்குது. ஓவன் பால்கனில மூடி வச்சிருக்கேன். வித்துடவா?"

படிச்சதும் சங்கடமாயிடுச்சு. ஏன்னா அந்த வீடியோ போட்டப்போ நான் ஒரு தடவைகூட அதைச் செஞ்சு பார்த்ததில்ல. பொருள் விலையைக் கூட்டி, எண்ணிக்கையால வகுத்தேன், அவ்வளவுதான். ஆடிட்டுக்குப் போற இடத்துல ஒரு கம்பெனி இப்படிக் காஸ்டிங் ஷீட் கொடுத்தா நான் விட்டிருப்பேனா? மாட்டேன்.

அதனால அக்கா வீட்டு ஓவனை இரவல் வாங்கிட்டு வந்து மூணு ஞாயிறு உட்கார்ந்தேன். சின்ன சைஸ்ல, கஃபேல கிடைக்கிறதுல பாதி அளவுக்கு.

பேரைப் பத்தி ஒரு வார்த்தை. மெனு கார்டுல ஆங்கில எழுத்துல பார்த்தா நாம "பெயின்"னு வலி மாதிரிதான் படிக்கிறோம். பிரெஞ்சுல அது "பான்", அதாவது ரொட்டி. இலங்கைத் தமிழர் ரொட்டியை "பாண்"னு சொல்றாங்களே, அது போர்த்துகீசியர் விட்டுட்டுப் போன அதே குடும்பத்துச் சொல். பிரான்ஸ்லயே இந்தப் பேருக்கு அடிதடி உண்டு. தென்மேற்குப் பக்கம் இதை "ஷொகொலாத்தீன்"னு சொல்வாங்க. அந்தப் பேருக்கு அங்கீகாரம் வேணும்னு 2018ல சில எம்பிக்கள் நாடாளுமன்றத்துல திருத்தமே கொண்டு வந்து, அது தோத்துப் போச்சு.

செய்முறை நமக்கு ரொம்ப அந்நியமில்ல. நம்ம பேக்கரி முட்டை பஃப்ஸ் அடுக்கடுக்கா வருதே, அடிப்படையில அதே வேலைதான். மாவுக்குள்ள கொழுப்பை வச்சு மடிச்சு மடிச்சுத் தேய்க்கணும். வித்தியாசம் என்னன்னா பஃப்ஸ் மாவுல ஈஸ்ட் கிடையாது, இதுல உண்டு. அப்புறம் இதுல வனஸ்பதி இல்லாம உப்பில்லாத வெண்ணெய்.

நான் எடுத்த அளவு: மைதா அரை கிலோ, சர்க்கரை 55 கிராம், உப்பு 10 கிராம், இன்ஸ்டன்ட் ஈஸ்ட் 7 கிராம், பாலும் தண்ணியும் சேர்த்து 280 மில்லி, மாவுக்குள்ள 40 கிராம் வெண்ணெய். சனிக்கிழமை ராத்திரி பிசைஞ்சு ஃபிரிட்ஜ்ல. ஞாயிறு காலையில 250 கிராம் வெண்ணெயைத் தட்டிச் சதுரமாக்கி மாவுக்குள்ள மூடி, மூணு தடவை மூணா மடிக்கணும். ஒவ்வொரு மடிப்புக்கும் நடுவுல அரை மணி நேரம் ஃபிரிட்ஜ். மூணு மூணா மூணு தடவைன்னா வெண்ணெய் 27 அடுக்கு. அப்புறம் நாலு மில்லிமீட்டர் கனத்துக்குத் தேய்ச்சு, 24 துண்டு போட்டு, ஒவ்வொண்ணுலயும் டார்க் சாக்லேட் குச்சி வச்சுச் சுருட்டணும். ரெண்டு மணி நேரம் உப்ப விட்டு, முட்டை தடவி, 190 டிகிரில 15 முதல் 18 நிமிஷம்.

இங்கதான் என் வீடியோ கணக்கு உடைஞ்சது. மடிக்கும்போது வெண்ணெய் வளையணும், உருகக் கூடாது. அறை 30 டிகிரியைத் தாண்டினா அது மாவோட கலந்து அடுக்கே போயிடும். என் சமையலறை அன்னைக்கு 34. முதல் ஞாயிறு வந்தது 24 வெண்ணெய் பன். பன்னுனு சொல்றதுகூட மரியாதைக்குத்தான். எங்க அத்தை ஒண்ணைக் கடிச்சுப் பார்த்துட்டு, "இதுக்கு பேக்கரில ரெண்டு பஃப்ஸ் வாங்கியிருக்கலாமேம்மா"ன்னாங்க. இந்த விஷயத்துல முதல் ஆடிட் அப்ஜெக்ஷன் அவங்களுதுதான்.

ரெண்டாவது ஞாயிறு ஏசி ரூம்ல டைனிங் டேபிளை இழுத்துப் போட்டு, 22 டிகிரில வச்சுச் செஞ்சேன். 16 தேறிச்சு. மூணாவது தடவை 22.

இப்போ நான் கொடுத்த விலைப்படி கணக்கு. வெண்ணெய் 175 ரூபாய், சாக்லேட் 200 கிராம் 220 ரூபாய், மைதா 28, பால் முட்டை சர்க்கரை ஈஸ்ட் எல்லாம் 45. ஆகப் பொருள் 468. ஓவன் கரண்ட் சுமார் 10 ரூபாய், நாலு மணி நேர ஏசி 40. மொத்தம் 518, 24ஆல வகுத்தா ஒண்ணு 21 ரூபாய் 60 காசு. கஃபேக்காரர் 160க்குக் கொடுக்கிறது இதுல ரெண்டுக்குச் சமம், அதாவது 43 ரூபாய். வீடியோல சொன்ன 40 கிட்டத்தட்ட சரிதானேன்னு தோணும்.

ஆனா அது 24ம் தேறினா. என் மூணு ஞாயிறுக்கும் ஆன செலவு 1,554. தேறினது 38. ஒண்ணு 41 ரூபாய்.

சாக்லேட்தான் இதுல பெரிய தலை, கவனிச்சீங்களா? 2025 செப்டம்பர் 22லிருந்து சாக்லேட் மேல ஜிஎஸ்டி 18லிருந்து 5 சதவீதம், வெண்ணெய் மேல 12லிருந்து 5. ஆனா கோகோ 2024ல உலகச் சந்தையில டன் 10,000 டாலரைத் தாண்டினதோட வலி கடை விலையில இன்னும் இருக்கு. விலை குறைவுன்னு காம்பவுண்ட் சாக்லேட் வாங்கினா, அதுல கோகோ வெண்ணெய்க்குப் பதில் வேற தாவரக் கொழுப்பு. மிச்சம் கிடைக்கும், கஃபே ருசி கிடைக்காது.

அடுத்து ஓவன். அந்தப் பொண்ணு வாங்கினது 14,400 ரூபாய், மாசம் 1,200. "நோ காஸ்ட்"னா கடைக்காரர் வட்டித் தொகையை முன்னாடியே தள்ளுபடியாக் கழிச்சுக்கிறார், வங்கி அதே தொகையை வட்டியா வசூலிக்குது. 15 சதவீதம்னு வச்சா வட்டி சுமார் 1,105. அந்த வட்டி மேல 18 சதவீத ஜிஎஸ்டி 199 ரூபாய், அதை யாரும் தள்ளுபடி பண்ண மாட்டாங்க. பிராசஸிங் ஃபீ 199, அதுக்கு ஜிஎஸ்டி சேர்த்து 235. ஆக 434 ரூபாய் "காஸ்ட்". தராசு, தட்டு, பேக்கிங் பேப்பர்னு இன்னொரு 1,166. மொத்தம் 16,000.

அவங்க கஃபேல மாசம் 8 வாங்கிட்டிருந்தாங்க, 1,280 ரூபாய். அதுக்கு ஈடா வீட்டுல 16 சின்னது செஞ்சா 346 ரூபாய். மாசம் 934 மிச்சம், ஓவன் காசு 17 மாசத்துல திரும்பும். காகிதத்துல அழகா இருக்கு. ஆனா மாவு 24க்குத்தான் பிசையறோம். பக்கத்து வீட்டுக்கு நாலு, ஆபீசுக்கு ஒரு டப்பா. ருசி பிடிச்சுப்போனா மாசம் ரெண்டு தடவை. அப்போ செலவு 1,036, மிச்சம் 244. 16,000 திரும்ப அஞ்சரை வருஷம். வீட்டுல செய்யறப்போ விலை குறையுது, அளவு கூடுது. இதை நான் வீடியோல யோசிக்கவே இல்ல.

அப்போ செய்யாதீங்கன்னு சொல்றேனா? இல்ல. இதைச் சேமிப்புனு எழுதாதீங்கன்னு சொல்றேன். பட்ஜெட்ல பொழுதுபோக்குனு ஒரு வரி இருக்குல்ல, சினிமா, டர்ஃப் கிரிக்கெட் எல்லாம் போற வரி, அங்க போடுங்க. அங்க 518 ரூபாய்க்கு ஒரு முழு ஞாயிறும் 24 சூடான பேஸ்ட்ரியும்னா அது நல்ல பேரம்னே நினைக்கிறேன். மூணாவது ஞாயிறு ஒண்ணைக் குறுக்கால வெட்டி உள்ள தேன்கூடு மாதிரி அடுக்கைப் பார்த்தப்போ, சிஏ ஃபைனல் ரிசல்ட் வந்த நாள் ஞாபகம் வந்துச்சு. மிகைதான், இருந்தாலும் உண்மை.

இன்னொரு பக்கம் சிலர் சொல்ற கணக்கும் எனக்கு ஒப்புதல் இல்ல. "உன் சம்பளம் மணிக்கு 400, மூணு மணி நேரம் மாவு பிசைஞ்சா 1,200 நஷ்டம்"னு ஒரு வாதம். ஞாயிற்றுக்கிழமை காலையில உங்க கம்பெனி அந்த மூணு மணி நேரத்தை 1,200 கொடுத்து வாங்கத் தயாரா? இல்லைன்னா அது நஷ்டமே இல்ல. கைவிட்ட வாய்ப்புன்னு கணக்கு எழுதணும்னா முதல்ல அந்த வாய்ப்பு இருக்கணும்.

அந்த நேரத்தைக் கணக்குல எடுக்க வேண்டிய இடம் வேற. ஆபீஸ்ல நாலு பேர் சாப்பிட்டுட்டு, "இதை ஏன் விக்கக் கூடாது?"னு கேட்பாங்க. அப்போ எடுங்க. ஒண்ணு 40 ரூபாய்னு 24ம் வித்தாலும் 960. செலவு 518, டப்பா 60. கையில 382. நேரடி வேலை மூணு மணி நேரம், மணிக்கு 127 ரூபாய், அதுவும் எல்லாம் தேறி, எல்லாம் வித்தா. எஃப்எஸ்எஸ்ஏஐ பதிவு எடுக்கணும். வரி ரிட்டர்ன்ல அது பிசினஸ் வருமானம், வழக்கமா போடற ஐடிஆர்-1 செல்லாது. வேலையை விட்டுட்டு இதுல இறங்கலாமான்னு கேட்டு எனக்கு மாசம் ஒரு மெயிலாவது வருது. பாரிஸ்ல இந்த வியன்னா பாணி பேக்கரிக்கு வழிபோட்டவர் ஆகஸ்ட் ஸாங்னு ஒரு ஆஸ்திரியர். 1830களின் கடைசியில கடை போட்டார், ஊரே காப்பியடிச்சது. அவரோ 1848ல வியன்னாவுக்குத் திரும்பி "டி பிரெஸ்ஸெ"ன்னு நாளிதழ் ஆரம்பிச்சுட்டார்!

மெயிலுக்கு வர்றேன். ஓவனை விக்க வேண்டாம்னு எழுதினேன். பழைய ஓவன் பாதி விலைக்குப் போறதே கஷ்டம், வித்தாலும் இஎம்ஐ நிக்காது. ஒரு தவணை தவறினா கார்டு வட்டி மாசம் மூணு, மூணரை சதவீதம்னு ஏறும், அதை மட்டும் விட்டுடாதீங்கன்னேன். போன 16,000 போனதுதான். இனி ஆகப்போற செலவை மட்டும் பார்த்தா மாசம் ஒரு தடவை 518 ரூபாய். கஃபேக்குப் போகாம இருந்தா 762 மிச்சம், அதைத் தவணைக்கு வச்சா கைக்காசு 438 போட்டா போதும். சுருட்டின 24 துண்டையும் சுடாம ஃப்ரீசர்ல வச்சு, வேணும்கிறப்போ நாலு நாலா முந்தின ராத்திரி ஃபிரிட்ஜுக்கு மாத்தி, காலையில உப்ப விட்டுச் சுடலாம். ரெண்டு மூணு வாரம் தாங்கும். முக்கியமா, ஏசி ரூம்ல செய்யுங்க. வாங்காதவங்களுக்குச் சொல்றதுன்னா, முதல்ல யார்கிட்டயாவது ஓவன் இரவல் வாங்கி மூணு தடவை செய்ங்க.

பழைய வீடியோவோட விவரத்துல இந்தத் திருத்தத்தைச் சேர்த்துட்டேன். நேத்து அந்தப் பொண்ணு ஒரு போட்டோ அனுப்பியிருந்தாங்க. மேல நல்ல பொன்னிறம், அடியில மட்டும் கொஞ்சம் வெண்ணெய் கசிவு. "27 அடுக்கு எண்ணிப் பார்த்தேன் அக்கா, 11க்கு மேல தெரியல." பதில் போட்டேன்: ஏசியை இன்னும் ரெண்டு டிகிரி குறைங்க.