வலிப்பு மாத்திரையும் மனத்தின் ஏற்ற இறக்கமும்

மனநோய் என்றதும் நம்மவர்களுக்கு இரண்டே காட்சிகள்தாம் கண்முன் தோன்றுகின்றன. ஒன்று தஞ்சோங் ரம்புத்தான். மற்றொன்று சாமியாடியின் வேப்பிலை. 1911-இல் திறக்கப்பட்ட அந்த மருத்துவமனை இன்று பகாகியா உலு கிந்தா எனும் பெயரில் இயங்குகிறது. ஆனால் அந்த ஊரின் பெயர் நம் வாயில் இன்னும் வசைச்சொல்லாகவே இருக்கிறது. இவ்விரு காட்சிகளுக்கும் இடையே பரந்த வெளி ஒன்று உண்டு. நம்மில் பலர், படித்தவர்களும்கூட, பெயர் தெரியாத துன்பத்தோடு அங்கேதான் நாள்களைக் கழிக்கிறார்கள்.

நான் மந்தின் வட்டாரத் தோட்டக் குடும்பம் ஒன்றில் வளர்ந்தவள். "அவனுக்கு அப்பப்போ ஒரு மாதிரி ஆயிடும்" என்று பெரியவர்கள் சிலரைப் பற்றிச் சொல்வார்கள். அப்படிப்பட்டவர் சில வாரங்கள் தூக்கமே இல்லாமல் உற்சாகமாக இருப்பார். பால்வெட்டு முடிந்ததும் கோயில் திருவிழா, பந்து விளையாட்டு என ஓடியாடுவார். பிறகு சில வாரங்கள் பெரட்டுக்கும் வராமல் சுவரைப் பார்த்துப் படுத்துக் கிடப்பார். ஊர் அவருக்குச் சோம்பேறி, குடிகாரன், செய்வினை என்று பெயர்களைச் சூட்டியது. இன்று பால்மரங்கள் இருந்த இடங்களில் வீடமைப்புப் பகுதிகள் எழுந்துவிட்டன. பிள்ளைகள் பல்கலைக்கழகம் வந்துவிட்டனர். அதே ஏற்ற இறக்கமும் கூடவே வந்திருக்கிறது. ஒரு பருவத்தில் சிறப்புத் தேர்ச்சி, அடுத்த பருவத்தில் விரிவுரைக்கே வராமை. பெயர் மட்டும் மாறி, 'பொறுப்பில்லாத மாணவர்' ஆகிவிட்டது.

மருத்துவம் இதற்கு வைத்திருக்கும் பெயர்களுள் ஒன்று சைக்ளோதிமியா. குறைந்தது இரண்டாண்டுகளாக மனம் மாறி மாறி ஏறியும் இறங்கியும் வரும். ஆனால் கடும் இருமுனைக் கோளாற்றின் அளவை எட்டாது. ஜெர்மானிய மருத்துவர் கால்பாம் 1882-இல் இதைப் பற்றி எழுதினார். அதே 1882-இல்தான் வேல்புரோயிக் அமிலம் எனும் வேதிப்பொருளை பர்ட்டன் என்பவர் உருவாக்கினார். அது வலிப்பைத் தடுக்கும் என்பது 1963-இல் பிரான்சில் தற்செயலாகத் தெரியவந்தது. வேறு மருந்துகளைக் கரைக்கும் திரவமாக அதைப் பயன்படுத்தியபோது, கரைந்த மருந்து எதுவாயினும் வலிப்பு நின்றதாம்! 1966-இல் லாம்பேர் எனும் பிரெஞ்சு மருத்துவர் அதன் உறவு மருந்தை மனநிலைக் கோளாற்றுக்குக் கொடுத்துப் பார்த்தார். எழுபதுகளில் ஜப்பானியர் கார்பமசெபினைச் சோதித்தனர். அமெரிக்காவில் வேல்புரோயேட்டு வெறியெழுச்சி நிலைக்காக 1995-இலும், லாமோட்ரிஜின் இருமுனைக் கோளாறு மீண்டும் தலையெடுக்காமல் தடுப்பதற்காக 2003-இலும் அனுமதி பெற்றன.

எனக்குத் தெரிந்த மாணவி ஒருவருக்கு லாமோட்ரிஜின் எழுதிக் கொடுக்கப்பட்டது. மருந்துப் பெட்டிக்குள் இருந்த தாளில் வலிப்பு என்ற சொல்லைக் கண்டதும் வீட்டில் ஒரே கலவரம். "கட்டிக் கொடுக்க வேண்டிய பொண்ணு, இது யார் கண்ணிலாவது பட்டால்?" என்று அவருடைய அத்தை மாத்திரைகளைக் குப்பையில் போட்டுவிட்டார். அத்தையின் மீது எனக்குக் கோபமில்லை. அந்த மருந்து ஏன் கொடுக்கப்படுகிறது என்பதை அவருக்குப் புரியும் மொழியில் எவரும் சொல்லவில்லை. இரத்த அழுத்தத்திற்கான புரோபிரனோலால் ஒற்றைத் தலைவலிக்கும் தரப்படுகிறது. தலைவலி மாத்திரையான ஆஸ்பிரின் இதயத்தையும் காக்கிறது. வலிப்பு மாத்திரை சாப்பிடுவதால் ஒருவர் வலிப்பு நோயாளி ஆகிவிடுவதில்லை. மாறாக, அதைத் திடீரென நிறுத்துவதுதான் ஆபத்து.

ஆகவே இந்த மாத்திரையைக் கண்டு அஞ்ச வேண்டா. அதற்காக அதைத் தொழவும் வேண்டா என்பதே என் கருத்து.

மேற்சொன்ன அனுமதிகள் கடும் இருமுனைக் கோளாற்றுக்கு உரியவை. இலேசான ஏற்ற இறக்கத்திற்கு இவை பயன்படும் என்பதற்கான சான்றுகள் மிகக் குறைவு. மருத்துவர் தம் அனுபவத்தைக் கொண்டே கொடுக்கிறார். வலிப்பு மருந்து எல்லாமே மனத்திற்கும் மருந்தாகிவிடாது. கேபாபென்டினை இருமுனைக் கோளாற்றுக்கும் நல்லதென்று விற்றார்கள். ஆய்வுகளில் அது வெற்று மாத்திரையைவிட மேலாக இல்லை. அனுமதியில்லாத பயன்களுக்காக அதை விளம்பரப்படுத்திய வழக்கில், 2004-இல் வார்னர்-லாம்பர்ட் நிறுவனம் 43 கோடி அமெரிக்க டாலர் செலுத்த நேர்ந்தது. அதனால் தூக்கம், அன்றாட ஒழுங்கு, மது, தைராய்டுச் சோதனை, ஆலோசனைச் சிகிச்சை ஆகியவற்றை முதலில் கவனிக்கச் சொல்லும் மருத்துவரை நாம் குறை கூறக்கூடாது.

தோழியருக்குத் தனியே ஒன்று சொல்ல வேண்டும். கருவுற்ற காலத்தில் வேல்புரோயேட்டு எடுத்தால், நூறு குழந்தைகளில் ஏறத்தாழ பத்துக்கு உடற்குறைகளும், முப்பது முதல் நாற்பது குழந்தைகளுக்கு வளர்ச்சிக் குறைபாடுகளும் ஏற்படலாம். திருமணம் பிறகுதானே என்று இதைத் தள்ளிப்போடக்கூடாது. முதல் சீட்டு எழுதும்போதே கேட்டுவிட வேண்டும். கார்பமசெபின் கருத்தடை மாத்திரையின் பலனைக் குறைக்கும். அதோடு, குறிப்பிட்ட ஒரு மரபணு வகை உள்ளவர்களுக்கு அது உயிர்போக்கும் தோல் நோயை உண்டாக்கக்கூடும் என்பதை 2004-இல் தைவான் ஆய்வு காட்டியது. அந்த மரபணு வகை நம் வட்டாரத்தில் பரவலாக உண்டு. இரத்தப் பரிசோதனை செய்தால் முன்கூட்டியே அறியலாம். லாமோட்ரிஜினைச் சிறிது சிறிதாகவே கூட்ட வேண்டும். தோலில் தடிப்பு கண்டால் அன்றே மருத்துவரிடம் ஓட வேண்டும்.

இவ்வளவு தொல்லையா, கோயிலே போதும் என்பீர்களா? கோயிலுக்குச் செல்லுங்கள், வேண்டிக்கொள்ளுங்கள். ஆனால் 2001 ஆகஸ்ட் 6-ஆம் நாள் தமிழ்நாட்டு ஏர்வாடியில் நடந்ததையும் மறவாதீர்கள். நேர்ச்சைக்காகக் கொண்டுவிடப்பட்டு, சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்த மனநோயாளிகள் 28 பேர் தீயில் கருகினார்கள். அவர்களை அங்கே விட்டுச் சென்றவர்கள் பகைவர்கள் அல்லர், அன்பான குடும்பத்தினர்.

நமக்கு வழி இல்லாமல் இல்லை. அரசாங்கச் சுகாதார நிலையத்தில் ஒரு வெள்ளி கட்டிப் பார்க்கலாம். மந்தின்காரர்களை அங்கிருந்து சிரம்பான் துவாங்கு ஜாபார் மருத்துவமனையின் மனநலப் பிரிவுக்கு அனுப்பிவைப்பார்கள். போகுமுன் இரண்டு மாதம் ஒரு குறிப்பேட்டில் தூங்கிய நேரத்தையும் மனநிலையையும் நாள்தோறும் எழுதி வையுங்கள். மனம் தாழ்ந்திருக்கும்போது மட்டும் மருத்துவரைப் பார்த்தால், அவருக்கு ஏற்றம் தெரியாது. மனச்சோர்வு மாத்திரையை மட்டும் எழுதிவிடுவார். அது சிலரை மறுபக்கம் தூக்கியெறியும்.

திருவள்ளுவர் 'மருந்து' அதிகாரத்தில் மருத்துவத்தை நான்கு கூறாக வகுத்தார்: நோயாளி, மருத்துவர், மருந்து, உடனிருந்து உதவுபவர். முதல் மூன்றும் இந்நாட்டில் ஓரளவு கிடைக்கின்றன. நான்காவது கூறு நாம்தான். மருந்து விளக்கத் தாள்கள் பெரும்பாலும் மலாயிலும் ஆங்கிலத்திலுமே வருகின்றன. கவியரங்கமும் பட்டிமன்றமும் நடத்தும் நம் மொழிக்கழகம், மருத்துவம் பயிலும் நம் மாணவர்களோடு சேர்ந்து, இம்மருந்துகளைப் பற்றி அத்தைக்கும் அம்மாவுக்கும் புரியும் தமிழில் நான்கு பக்கம் எழுதக் கூடாதா? வரும் ஆண்டில் அதைச் செய்வோம். தமிழை வளர்ப்பது என்பது அதையும் சேர்த்துத்தான்.