கண்ணே, அவசரப்படாதே!

காஞ்சிபுரத்துக்குப் பட்டுப் புடவை எடுக்கப் போகிறவர்கள் அநேகம். ஆனால், பக்கத்திலேயே வேகவதி ஆற்றை ஒட்டியிருக்கும் திருப்பருத்திக்குன்றத்துக்குப் போய்ப் பார்க்கிறவர்கள் மிகச் சொற்பம். ஜின காஞ்சி என்று பெயர் பெற்ற ஊர் அது. அங்கே திரைலோக்கியநாதர் கோயிலில், 1387-ம் ஆண்டில் விஜயநகர மந்திரி இருகப்பர் கட்டிய சங்கீத மண்டபம் இருக்கிறது. அதன் விதானம் முழுவதும் தீர்த்தங்கரர்களின் கதையைச் சொல்லும் வண்ண ஓவியங்கள். கழுத்தை நிமிர்த்திப் பார்த்துப் பார்த்து, எனக்குக் கழுத்துதான் வலித்ததே தவிர, கண் அலுக்கவில்லை.

கோயிலைப் பார்த்துவிட்டு, தெரிந்தவர் ஒருவர் சொன்ன நெசவாளர் வீட்டுக்குப் போனேன். ஊர் பெயரில் இருப்பது பருத்தி. வீட்டுத் தறியில் இருந்தது பட்டு! அரக்குச் சிவப்பு உடல், மயில் கழுத்துக் கரை. "யாருக்கு இந்தப் புடவை?" என்று கேட்டேன். "வெளியாருக்கு இல்லையம்மா. எங்கள் பெண்ணுக்குத்தான். ஐந்து வாரத்தில் கல்யாணம்" என்றார் வீட்டு அம்மாள். முகத்தில் சந்தோஷமும் கவலையும் சரிபாதி.

கவலைக்குக் காரணம் பிறகு தெரிந்தது. பெண்ணுக்கு மூக்குக் கண்ணாடி. பிள்ளை வீட்டு உறவினர் யாரோ ஒருவர், "முகம் லட்சணமாய்த்தான் இருக்கிறது, கண்ணாடிதான்..." என்று இழுத்துவிட்டுப் போயிருக்கிறார். அந்த 'தான்' பெண்ணின் மனத்தில் முள்ளாய்த் தைத்துவிட்டது. உடனே ஒரு திட்டம் போட்டுவிட்டாள். முதல் வாரம் லேசர் ஆபரேஷன் செய்துகொண்டு கண்ணாடியைத் தூக்கி எறிவது. கல்யாணத்துக்கு இரண்டு நாள் முன்னால் அழகு நிலையத்துக்குப் போய், இமை முடியோடு செயற்கை முடியை ஒட்டி நீளமாக்கிக்கொள்வது. 'ஐலாஷ் எக்ஸ்டென்ஷன்' என்று இப்போது எல்லா மணப்பெண்களும் சொல்கிறார்களே, அதுதான்.

"செய்துகொள்ளலாமா, அக்கா?" என்று என்னைக் கேட்டாள். நான் டாக்டர் அல்ல. ஆனால், இந்தக் கேள்வி அந்த ஒரு வீட்டுக் கேள்வி மட்டும் அல்லவே! உங்கள் வீட்டிலும் ஒரு பெண் இதைக் கேட்டுக்கொண்டிருக்கலாம். ஆகவே எனக்குத் தெரிந்ததை உங்களிடமும் சொல்லிவிடுகிறேன்.

முதலில் லேசர். அதைக் கேட்டதும் பயப்பட வேண்டியதில்லை. சொல்லப்போனால் நாம் பெருமைப்படக்கூட இடம் இருக்கிறது. சென்னைப் பல்கலைக்கழகத்தில் படித்து அமெரிக்கா சென்ற ரங்கசாமி சீனிவாசன் என்ற விஞ்ஞானி, ஐ.பி.எம். ஆராய்ச்சி நிலையத்தில் வேலை பார்த்தார். 1981 நவம்பரில், விருந்தில் மிஞ்சிய வான்கோழித் துண்டை ஆராய்ச்சிச் சாலைக்கு எடுத்துப் போய், 'எக்சைமர்' லேசர் கதிரை அதன்மேல் செலுத்தினார். வெட்டிய இடம் பளிச்சென்று இருந்தது. பக்கத்தில் துளிக்கூடக் கருகவில்லை. கண் ஆபரேஷனுக்கு இது உதவும் என்ற வழி அப்போதுதான் திறந்தது. அவருக்கும் அவருடைய சகாக்கள் இருவருக்கும் 2013-ல் ஜனாதிபதி ஒபாமா தேசியப் பதக்கம் அளித்தார்.

லாசிக் என்ற ஆபரேஷனில் என்ன செய்கிறார்கள்? கண்ணின் முன்புறம் கடிகாரக் கண்ணாடி மாதிரி இருக்கும் கருவிழிப் படலத்தின் நடுப்பகுதி, சாதாரணமாக 540 மைக்ரான் கனம் இருக்கும். அதாவது, அரை மில்லிமீட்டரைவிடச் சற்றே அதிகம். அதில் மேலாக 100, 120 மைக்ரான் அளவுக்கு ஒரு மெல்லிய ஏட்டை வெட்டி, புத்தகப் பக்கம் போலத் திருப்புகிறார்கள். அடியில் லேசரால் தேவையான அளவு செதுக்கிவிட்டு, ஏட்டை மறுபடி மூடிவிடுகிறார்கள். தையல் கிடையாது. மருந்துச் சொட்டு விட்டு மரக்க வைப்பதால் வலியும் பெரிதாக இராது. லேசர் வேலை செய்வது பெரும்பாலும் ஒரு நிமிஷத்துக்குள்தான்!

"அப்படியானால் சுலபம்தானே?" என்பீர்கள். ஆபரேஷன் சுலபம், ஆளைத் தேர்ந்தெடுப்பதுதான் கடினம். செதுக்கிய பிறகு அடியில் குறைந்தது 250 மைக்ரானாவது மிச்சம் இருக்க வேண்டும். படலம் மெல்லியதாக இருந்தாலும், கூம்பு மாதிரிப் பிதுங்கும் கோளாறு இருந்தாலும் இந்த ஆபரேஷன் கூடாது. வயது 18 ஆவது நிறைந்திருக்க வேண்டும். கண்ணாடியின் பவர் ஒரு வருஷமாவது மாறாமல் இருந்திருக்க வேண்டும். கர்ப்பிணிகளும் பால் கொடுக்கும் தாய்மாரும் காத்திருக்க வேண்டும். கண் வறட்சி உள்ளவர்கள் முதலில் அதற்கு வைத்தியம் செய்துகொள்ள வேண்டும். படலத்தின் கனத்தையும் வளைவையும் அளந்து பார்க்காமல், "நாளைக்கே வாருங்கள்" என்று சொல்லும் இடத்துக்கு நாளைக்கும் போகாதீர்கள், நாளன்றைக்கும் போகாதீர்கள்!

கான்டாக்ட் லென்ஸ் போடுகிறவர்கள் அளவு எடுப்பதற்கு முன்பே அதை நிறுத்திவிட வேண்டும். மெல்லிய லென்ஸ் என்றால் ஓரிரு வாரம். கெட்டி லென்ஸ் என்றால் இன்னும் அதிகம். லென்ஸ் கருவிழிப் படலத்தின் உருவத்தையே சற்று மாற்றி வைத்திருக்கும். அளவு தப்பினால் செதுக்குவதும் தப்பிவிடும். ஜாக்கெட்டுக்குத் தப்பளவு கொடுத்தால் பிரித்துத் தைக்கலாம். கண்ணைப் பிரித்துத் தைக்க முடியுமா?

ஆபரேஷனுக்குப் பிறகு சில மாதங்கள் கண் வறண்டு உறுத்துவது சகஜம். இரவில் விளக்கைச் சுற்றி ஒளிவட்டம் தெரிவதும் உண்டு. பெரும்பாலோருக்குப் போகப் போகச் சரியாகிவிடும், சிலருக்கு நீடிக்கும். முதல் வாரங்களில் கண்ணைக் கசக்கவே கூடாது. மூடிய ஏடு விலகிவிடும். ஏடு வெட்டாமல் செய்கிற முறைகளும் இருக்கின்றன. எது பொருந்தும் என்பதை டாக்டர்தான் சொல்ல வேண்டும்.

இனி, இமை முடிக்கு வருவோம். அதைக் கடவுள் வெறும் அலங்காரத்துக்காகவா வைத்தார்? தூசி அருகில் வந்தாலே உணர்ந்து, இமையை மூடச் செய்கிற காவல்காரன் அது. காற்று நேராக வந்து கண்ணீரை உலர்த்தாமல் தடுப்பதும் அதன் வேலை. ஜார்ஜியா தொழில்நுட்பக் கழக விஞ்ஞானிகள் 22 விதப் பிராணிகளின் கண்களை அளந்து, 2015-ல் ஒரு முடிவை வெளியிட்டார்கள். கண்ணின் அகலத்தில் மூன்றில் ஒரு பங்கு நீளமே இமை முடிக்கு உத்தமம். அதைவிட நீண்டால், முடியே காற்றைக் கண் பக்கம் திருப்பிவிட்டு, ஈரத்தை இன்னும் வேகமாக உலர்த்துகிறது! லேசரால் ஏற்கெனவே வறண்டிருக்கும் கண்ணுக்கு இது எப்படி இருக்கும் என்று நீங்களே யோசித்துப் பாருங்கள்.

ஒட்டுகிற பசையும் லேசுப்பட்டதல்ல. அதில் பெரும்பாலும் இருப்பது சயனோ அக்ரிலேட். அவசரத்துக்குக் கடையில் வாங்குகிறோமே, அந்த உடனடிப் பசையின் ஜாதி. அதன் ஆவி கண்ணை எரிக்கும். சிலருக்கு ஒவ்வாமையால் இமை வீங்கிச் சிவக்கும். ஒட்டிய முடி கெட்டுவிடுமோ என்று இமை விளிம்பைக் கழுவாமல் விட்டால், அழுக்கும் கிருமியும் சேர்ந்து அழற்சி உண்டாகும். அரிப்பு வரும், அரித்தால் கை தானாகக் கசக்கப் போகும். லேசர் ஆன கண்ணில் எது கூடவே கூடாதோ, அதுதான்!

செயற்கை முடியோடு ஆபரேஷனுக்குப் போவதும் தவறு. இமையை விலக்கிப் பிடித்து, முடியை ஒதுக்கி ஒட்டி வைத்துத்தான் டாக்டர் வேலை செய்வார். அப்போது ஒட்டு முடியும் பசைத் துணுக்கும் கிருமியும் கண்ணுக்குள் விழ இடம் உண்டு. ஆகவே, சில நாள் முன்பே ஒட்டியவரிடமே போய் முறையாக எடுத்துவிட வேண்டும். வீட்டில் பிய்த்தால் சொந்த முடியும் கூடவே வந்துவிடும். மையும் பவுடரும் வாசனைத் திரவியமும்கூட முதல் நாளே நிறுத்திவிட வேண்டும்.

முடி வளர மருந்துச் சொட்டு உண்டே என்று சிலர் கேட்கிறார்கள். பைமாட்டோபிராஸ்ட் என்பது கண் அழுத்த நோய்க்கான மருந்து. இமை முடியை நீளச் செய்வது கண்டு, அமெரிக்காவில் 2008-ல் அதற்கும் அனுமதி கொடுத்தார்கள். ஆனால், இமைத் தோல் கறுக்கலாம், கண் குழிவிழலாம். டாக்டர் சீட்டு இல்லாமல் தொடாதீர்கள்.

தலைமுடிச் சாயத்தை இமையில் தடவுவதோ மகா பாபம். 1933-ல் அமெரிக்காவில் 'லாஷ் லூர்' என்ற இமைச் சாயம் விற்றது. அதிலிருந்த பாரா-பினைலீன்-டையமின் பல பெண்களின் கண்ணைப் புண்ணாக்கியது. பார்வை இழந்தவர்களும் உண்டு. ஓர் உயிரும் போயிற்று. அழகுப் பொருள்களையும் கட்டுப்படுத்தும் சட்டம் 1938-ல் அங்கே வந்ததற்கு இந்தக் கொடுமையும் ஒரு காரணம். நம் வீட்டு அலமாரியில் இருக்கும் சாயப் பெட்டியை எடுத்துப் படித்துப் பாருங்கள். இமைக்கும் புருவத்துக்கும் போட்டால் குருடாகலாம் என்ற எச்சரிக்கை நம் நாட்டுச் சட்டப்படி அதில் இருக்க வேண்டும்.

இதையெல்லாம் அந்தப் பெண்ணிடம் சொன்னேன். அவள் தலையைக் குனிந்துகொண்டாள். அதுவரை கேட்டுக்கொண்டிருந்த தாயார், தறியிலிருந்து எழுந்து வந்தார். அவர் மூக்கிலும் ஒரு கண்ணாடி! "ஏம்மா, எனக்காவது அந்த லேசரைச் செய்தால் இழை நன்றாய்த் தெரியுமா?" என்றார். "அம்மா, உங்களுடையது வெள்ளெழுத்து. நாற்பதுக்கு மேல் எல்லோருக்கும் வருவது. இப்போது லேசர் செய்துகொள்கிறவர்களுக்கும் அந்த வயதில் அது வரத்தான் செய்யும்" என்றேன். "அப்படியானால், இந்தக் கண்ணாடி இல்லாவிட்டால் இந்தப் புடவையே இல்லை என்று சொல்" என்று சிரித்தார் அவர். பெண்ணும் நிமிர்ந்து பார்த்துச் சிரித்துவிட்டாள்.

கண்ணாடி வேண்டாம் என்று ஒரு பெண் நினைப்பதில் தப்பே இல்லை. தன் சௌகரியத்துக்காக, தகுதியான டாக்டரிடம் பரிசோதித்து, நிதானமாகச் செய்துகொள்ளட்டும். ஆனால், முகூர்த்த நாளைப் பார்த்து ஆபரேஷனுக்கு நாள் குறிக்கக் கூடாது. விசேஷத்துக்குப் பல மாதம் முன்னால், அல்லது பின்னால். இரண்டில் ஒன்று. இமைக்கு ஒட்டு முடி வேண்டும் என்று ஆசைப்பட்டால், கண் டாக்டர் சம்மதித்த பிறகு பார்த்துக்கொள்ளலாம். கல்யாணத்தன்று ஹோமப் புகை வேறு இருக்கிறது. புது ஆபரேஷன் ஆன கண்ணோடு அதன்முன் உட்கார்வானேன்?

காஞ்சியில் சுந்தரருக்கு ஏகாம்பரநாதர் இடக்கண்ணை மட்டும்தான் கொடுத்தார் என்பது புராணம். வலக்கண்ணுக்கு அவர் திருவாரூர் வரை நடக்க வேண்டியிருந்தது. போன கண்ணைத் திரும்பப் பெறுவது அவ்வளவு சிரமம்!

இரண்டு நாள் கழித்து அந்த வீட்டிலிருந்து டெலிபோன் வந்தது. பெண்தான் பேசினாள். ஆபரேஷனைத் தள்ளி வைத்துவிட்டாளாம். மாப்பிள்ளையிடம் தானே விஷயத்தைச் சொன்னாளாம். "அவர் என்ன சொன்னார்?" என்று ஆவலோடு கேட்டேன்.

"'எனக்கும் கண்ணாடிதானே! நீ போடாவிட்டால் நான் ஒருத்தன் மட்டும் போட்டோவில் தாத்தா மாதிரி இருப்பேன்' என்றார், அக்கா!"

கண்ணாடிக்குச் சட்டம் மட்டும் புதிதாக வாங்கப் போகிறாளாம். புடவைக் கரைக்குப் பொருத்தமாக, மயில் கழுத்து நிறத்தில்!