கழிப்பதா, வகுப்பதா?

கணக்குப் பரீட்சையன்று மட்டும் பையனுக்கு வயிற்றுவலி. ‘ஞாபக சக்திக்கு வல்லாரை குடுக்கலாமா டாக்டர்?’ என்று கேட்கிறீர்கள். துவையல் அரைத்துக் கொடுங்களேன், நல்ல கீரைதான். ஆனால் கழிப்பதா, வகுப்பதா என்று வல்லாரை சொல்லித் தராது!

50 நெல்லிக்காய். 8 அழுகல். மீதியை 6 பேருக்குச் சமமாகப் பிரித்தால் ஆளுக்கு எத்தனை? ‘சமமாக’ என்றதும் பிள்ளை 50-ஐ 6-ஆல் வகுக்கிறான். 8 வருகிறது, மீதி 2. ‘மீதின்னா கழித்தல்டா!’ என்று தலையில் குட்டுகிறீர்கள். வகுத்தலிலும்தான் மீதி வருகிறதே, அவன் என்ன செய்வான், பாவம்!

ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டு கணக்குப் போடப் பழக்காதீர்கள். ‘அழுகின காயை யாராவது தின்பாங்களா?’ என்று கேளுங்கள். அவனே 8-ஐத் தள்ளிவிடுவான். 42 இருக்கும், ஆளுக்கு 7. நோட்டை எடுக்கும் முன் புளியங்கொட்டையை வைத்து ஒரு தடவை பங்கு போட்டுப் பார்க்கட்டும்.